கல்மண்டபத்து லசானியா

பிறர் வீட்டு விருந்துக்கு நம் வீட்டில் சமைத்து அனுப்புகிற தொழிலில், பாத்திரம் வாசற்படியைத் தாண்டிய நிமிஷமே காது தெருப்பக்கம் போய்விடும். அந்த வீட்டிலிருந்து யாராவது வந்து ஒரு வார்த்தை சொல்லும் வரை அது திரும்பி வராது. கல்யாணத்துக்கு முறுக்கு சுட்டுக் கொடுத்தவர்களே, பிரியாணி தேக்சாவை ஆட்டோவில் ஏற்றி அனுப்பிவிட்டுத் தெருமுனை வரை பார்த்துக்கொண்டு நின்றவர்களே, உங்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

நான் செய்து கொடுத்தது லசானியா. ராயபுரம் கல்மண்டபத்தில், இரண்டு அறை வாடகை வீட்டில், தொண்ணூறுகளின் கடைசியிலிருந்து ஏழெட்டு வருஷம். தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன்: மைதாவும் முட்டையும் பிசைந்து தகடு தகடாகத் தேய்த்து, வெந்நீரில் முக்கி எடுத்து, தட்டில் ஒரு தகடு, அதன்மேல் தக்காளியோடு மூன்று மணி நேரம் கொதித்த கொத்துக்கறி, அதன்மேல் பாலும் வெண்ணெயும் மைதாவும் சேர்த்துக் காய்ச்சிய வெள்ளைக் கூழ், மறுபடி தகடு என்று அடுக்கிக்கொண்டே போய், தலையில் சீஸைத் துருவிக் கொட்டி, ஓவனில் முக்கால் மணி நேரம் வைக்க வேண்டும். எங்கள் தெருவில் அந்தப் பேர் யார் வாயிலும் நுழையவில்லை. "எஸ்தரு வூட்ல மைதா அடுக்கு செய்றாங்கோ" என்றுதான் வழி சொல்லி அனுப்புவார்கள்.

காய்ச்சல் வந்த நாள்

எண்ணூர்ப் பக்கம் மின்நிலைய வேலைக்காக வந்திருந்த ஒரு இத்தாலி இன்ஜினியர் வீட்டில் நான் சமையல் வேலைக்கு இருந்தேன். அவர் மனைவி கிளாவுதியா அம்மாவுக்குத் தமிழும் தெரியாது, எனக்குப் புரிகிற இங்கிலீஷும் தெரியாது. அவர் லசானியா செய்யும்போது இரண்டு தடவை பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன், அவ்வளவுதான். மூன்றாவது தடவை, அவர்கள் ஊரிலிருந்து கம்பெனிப் பெரியவர்கள் மதியச் சாப்பாட்டுக்கு வருகிற நாளில், அம்மாவுக்குக் காய்ச்சல். உடம்பு அனலாய்க் கொதிக்கிறது. படுக்கையில் இருந்தபடி என்னைப் பார்த்துக் கையை விரித்து, "நீ" என்று காட்டினார்.

தகடு எவ்வளவு மெல்லிசு என்று கேட்டால், தன் காது மடலைப் பிடித்துக் காட்டுவார். கூழை எப்படிக் கிண்டுவது என்றால் "பியானோ, பியானோ" என்பார். பியானோ என்றால் மாதாகோயிலில் வாசிக்கிறது என்றுதான் எனக்குத் தெரியும். 'மெதுவாக' என்று அர்த்தம் என்பதைப் பிறகுதான் தெரிந்துகொண்டேன். அதற்குள் அவசரமாய்க் கிண்டிக் கூழ் கட்டி தட்டிவிட்டது. வாசலில் கார் வந்து நிற்கிற சத்தம். டீ வடிகட்டியை எடுத்துக் கூழ் முழுவதையும் அதில் கொஞ்சம் கொஞ்சமாய் ஊற்றித் தேய்த்து வடிகட்டினேன். பாதி அடுப்பு மேடையில் கொட்டிப்போயிற்று. எப்படியோ அடுக்கி, ஓவனில் வைத்து, எடுத்து, மேஜைக்கு அனுப்பிவிட்டு, சமையலறைக் கதவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன். அரை மணி நேரம் ஒரு குரல் கேட்கவில்லை. நன்றாக இருந்தாலும் பேசமாட்டார்கள், மோசமாக இருந்தாலும் பேசமாட்டார்களே, இதில் எது என்று எப்படித் தெரியும்?

டிரைவர் செல்வம் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்துவிட்டு ஓடி வந்தார். "எக்கா, அழுவாதே. நாலு பேரும் ரொட்டிய பிச்சி தட்ட தொடச்சி தொடச்சி துன்னுகினு கீறாங்கோ, உனுக்குத் தட்டு கழுவுற வேலையே இல்ல."

கரண்டு

அந்தக் குடும்பம் ஊர் திரும்பும்போது ஓவனை எனக்கே கொடுத்துவிட்டுப் போனார்கள். என் வீட்டுக்காரர் லாரன்ஸ் துறைமுகத்தில் கண்டெய்னர் கட்டுகிற வேலை. அவர்தான் அதைத் தட்டுவண்டியில் கொண்டுவந்து இறக்கினார். மாடியில் இருந்த வீட்டுச் சொந்தக்காரர் மும்தாஜ் அக்கா, "கரண்டு பில்ல நீ பாத்துக்கோ, எனுக்கு வாசன வந்தா போதும்" என்று அனுமதி கொடுத்தார். வாய்வழியாகச் செய்தி போய், முதல் பெரிய ஆர்டர் பெரம்பூரிலிருந்து வந்தது. ரயில் எஞ்சின் ஓட்டி ரிட்டையரான ஒரு ஆங்கிலோ இந்தியர், கல்யாண நாள், இருபது பேர், சரியாக ஒரு மணிக்குச் சாப்பாடு. ரயில்காரர் சொல்கிற ஒரு மணி என்றால் ஒரு மணிதான்.

பதினொன்றுக்கு இரண்டு தட்டையும் ஓவனுக்குள் வைத்தேன். கால் மணி நேரம் ஆகியிருக்கும், தெருவில் 'டப்' என்று ஒரு சத்தம். டிரான்ஸ்ஃபார்மர். ஓவனில் எரிந்துகொண்டிருந்த சிவப்பு விளக்கு அணைந்தது. கண்ணாடி வழியாக உள்ளே பார்க்கிறேன், சீஸ் உருகவும் இல்லை, உருகாமலும் இல்லை. லைன்மேன் வந்து மேலே பார்த்துவிட்டு, சாயங்காலம் ஆகும் என்று சொல்லிப் போய்விட்டார். மும்தாஜ் அக்காதான் மாடிப்படியில் நின்றுகொண்டு, "கபூர் பாய் பன்னு அடுப்புக்கு கரண்டு எதுக்கு?" என்றார்.

தெருக்கோடி பேக்கரியில் விறகு அடுப்பு. நானும் லாரன்ஸும் ஆளுக்கு ஒரு தட்டைத் தலையில் தூக்கிக்கொண்டு, ரிக்‌ஷாவுக்கும் மீன் வண்டிக்கும் நடுவே நடந்தோம். காலை பன் போட்டு முடித்திருந்தார்கள். உள்ளே தணல் இருந்தது. எவ்வளவு சூடு என்று கேட்டேன். கபூர் பாய் ஒரு பிடி மைதாவை அடுப்புத் தரையில் விசிறினார். அது கண்முன்னே பழுப்பாகிக் கருகியது. "ஜாஸ்தி கீது," என்று ஈரச் சாக்கால் தரையைத் துடைத்தார். மறுபடி மாவு வீசினார். மூன்றாவது வீச்சுக்குத்தான் தட்டை உள்ளே விட்டார். இருபத்தைந்து நிமிஷம் நான் அடுப்பு வாயை விட்டு நகரவில்லை. முகத்து மயிர் பொசுங்குகிற வாசனை எனக்கே வந்தது. வெளியே எடுத்தபோது மேல்பக்கம் தங்கக் காசு மாதிரி. பன் வாங்க வந்தவர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். ஒரு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது லாரன்ஸ் பெரம்பூர் போய்ச் சேர்ந்தார்.

நான் நன்றி சொல்லப் போனபோது கபூர் பாய் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "யம்மா, இனிமே இத்த எடுத்துகினு இங்க வராதே. வந்தவன் அத்தினி பேரும் பன்ன வுட்டுட்டு அத்த கேட்டு பேஜாரு பண்றான்."

மொட்டை மாடி

தகடுகளைத் தேய்த்ததும் கொஞ்சம் உலரவிட வேண்டும், இல்லாவிட்டால் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். வீட்டுக்குள் இடம் போதாத ஒரு நாள், நாற்பது தகடுகளை மொட்டை மாடியில் புதுத் துணி விரித்துப் பரப்பினேன். கறி கொதிக்கிறதா என்று பார்க்கக் கீழே போனவள் அரை மணி கழித்துத்தான் திரும்பினேன். அதற்குள் காற்று துறைமுகப் பக்கத்திலிருந்து வீசத் தொடங்கியிருந்தது. எங்கள் பகுதியில் இருந்தவர்களுக்குத் தெரியும், அந்தக் காற்றில் துறைமுகத்து நிலக்கரித் தூள் வரும்; கொடியில் காயும் வெள்ளைச் சட்டை சாம்பல் நிறமாய் இறங்கும். என் நாற்பது தகடும் சிலேட்டுப் பலகை மாதிரி கிடந்தன. விரலால் தொட்டால் விரல் கருக்கிறது. ஆர்டருக்கு இன்னும் இரண்டரை மணி நேரம்.

வீட்டில் முட்டை இல்லை. மைதா பாதிப் பொட்டலம்தான். லாரன்ஸ் கடைக்கு ஓட, நான் அழுதுகொண்டே பிசைய, மும்தாஜ் அக்கா நமாஸை முடித்துக்கொண்டு வந்து உருட்டுக்கட்டையைக் கையில் வாங்கினார். அன்றைக்கு நாங்கள் இருவரும் தேய்த்த வேகத்துக்கு இன்றும் தோள் வலிக்கிறது. கடைசித் தகடு முடிந்ததும் அக்கா அந்தக் கரிபிடித்த குவியலைப் பார்த்துச் சொன்னார்: "சட்டன்னா தொவச்சிக்கலாம் எஸ்தரு, சோத்துக்கு எந்த சோப்ப போடுவே?"

இரண்டு தட்டு

இதை மட்டும் இன்றும் என்னால் சிரித்துக்கொண்டு சொல்ல முடிவதில்லை.

ஒரே நாளில் இரண்டு ஆர்டர். ஒன்று, எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு ஞானஸ்நான விருந்து, மாட்டுக் கொத்துக்கறி. இன்னொன்று, திருவொற்றியூர் தேரடிப் பக்கம் ரிட்டையரான ஒரு ஹெட்மாஸ்டர் வீடு. சுத்த சைவம். முட்டைகூடக் கூடாது. அமெரிக்காவிலிருந்து வந்திருக்கும் மகள் ஆசைப்பட்டாள் என்று அந்த வீட்டு அம்மா நேரில் வந்து, "எங்களுக்குன்னு தனிப் பாத்திரம் வாங்கிக்கோ. ஓவனைக் கழுவிட்டு மொதல்ல எங்களோடத வை" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு சொல்லிவிட்டுப் போனார். அப்படியே செய்தேன். ரவையும் மைதாவும் சேர்த்த தகடு, உள்ளே கேரட், பீன்ஸ், பாலக்கீரை. எல்லாம் சரி. ஆனால் இரண்டு தட்டும் ஒரே அளவு அலுமினியத் தட்டு. மேலே அதே சீஸ், அதே நிறம். அலுமினியத் தாள் சுற்றி, மேலே பேர் எழுதிய சீட்டு ஒட்டினேன். சூட்டில் பசை இளகிச் சீட்டு இரண்டும் கீழே விழுந்திருந்தன. அவசரத்தில் பொறுக்கி நானே ஒட்டினேன்.

லாரன்ஸ் பதினொன்றரைக்கு மொபெட்டில் திருவொற்றியூருக்குக் கிளம்பினார். அங்கே கொடுத்துவிட்டு அப்படியே ஷிப்டுக்குப் போகிறார். பன்னிரண்டு மணிக்கு, ஞானஸ்நான வீட்டுக்காரர்கள் வருவதற்குள் சூடு இருக்கிறதா பார்க்கலாமென்று தாளின் ஓரத்தைத் தூக்கினேன். விளிம்பில் கேரட்.

தரையில் உட்கார்ந்துவிட்டேன். பிறகு எழுந்து எதிரே இருந்த டெலிபோன் பூத்துக்கு ஓடினேன். ஹெட்மாஸ்டர் வீட்டு நம்பர் எங்கேஜ்டு. மறுபடி போட்டேன், எங்கேஜ்டு. ஐந்து தடவை. அந்த வீட்டு மகள் டெலிபோன் வயரைக் கம்ப்யூட்டரில் மாட்டி அமெரிக்காவுக்கு மெயில் அனுப்பிக்கொண்டிருந்தாளாம், பிறகு தெரிந்தது. மும்தாஜ் அக்காவிடம் "ஞானஸ்நான வூட்டுக்காரங்க வந்தா கைல கால்ல வுழுந்தாச்சும் ஒக்கார வைக்கா" என்று சொல்லிவிட்டு, காய்கறித் தட்டை மடியில் வைத்துக்கொண்டு ஆட்டோ ஏறினேன்.

தண்டையார்பேட்டை தாண்டியதும் கண்டெய்னர் லாரிகள். ஒன்றன்பின் ஒன்றாய் அசையாமல் நிற்கின்றன. ஆட்டோக்காரர் எஞ்சினை அணைத்துவிட்டார். அந்தச் சூட்டில் உட்கார்ந்து நான் ஒரு பொய் தயார் செய்தேன்: 'அம்மா, அதுல சீஸ் கெட்டுப்போச்சு, இந்தப் புதுசை வெச்சுக்கோங்க.' யாருக்கும் ஒன்றும் தெரியாது. வாய்க்குள் பத்து தடவை சொல்லிப் பார்த்தேன், நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அதற்குள் அவர்கள் சாப்பிட்டிருந்தால்? அந்த நினைப்பில் பொய் பாதியிலேயே அறுந்தது. கடைசி அரை மைலை லாரிகளுக்கு நடுவே தட்டைத் தூக்கிக்கொண்டு ஓடினேன்.

கதவு திறந்தே இருந்தது. கூடத்தில் மேஜை, மேஜை நடுவில் என் தட்டு, பக்கத்தில் கத்தி. சுற்றி எல்லோரும் உட்கார்ந்திருக்கிறார்கள். தாள் பிரிக்கப்படவில்லை. டிக்கெட் விஷயமாகப் பாரிமுனை போன மாப்பிள்ளை வரட்டும் என்று காத்திருந்தார்கள். மாப்பிள்ளை நான் வந்த அதே லாரி வரிசையில் எங்கேயோ மாட்டியிருந்தார். அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் தயார் செய்த பொய் வரவில்லை. "அம்மா, தொடாதீங்க. அது உங்களது இல்ல. அது மாட்டுக்கறி" என்று சொல்லிவிட்டேன்.

மகள் நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்தாள். அந்த அம்மா கத்தியை எடுத்து, அது எதையும் தொட்டிருக்கிறதா என்று திருப்பித் திருப்பிப் பார்த்தார். நான் கறித் தட்டை எடுத்துக்கொண்டு, கொண்டுவந்ததை வாசல் திட்டில் வைத்துவிட்டு நின்றேன். திட்டுவார்கள் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். ஹெட்மாஸ்டர் எழுந்து வந்து, தெருவில் முனை வரைக்கும் தேங்கிக் கிடந்த லாரிகளைப் பார்த்தார். ஒரு பெருமூச்சு விட்டார். "பத்து வருஷமா தெனம் காலையில எழுந்ததும் இந்த லாரிக்காரங்களத் திட்டிட்டுத்தாம்மா காப்பியே குடிக்கிறேன். நாளைக்கு ஒரு நாள் வெறும் காப்பி குடிச்சுக்கறேன்."

கண்ணாடித் தட்டு

ஒரு அதிகாரி மனைவி, தன் வீட்டுக்காரரின் மேலதிகாரியை விருந்துக்குக் கூப்பிட்டிருந்தார். அலுமினியத் தட்டு கௌரவமாய் இருக்காது என்று, தன் சொந்தக் கண்ணாடித் தட்டைக் கொடுத்தனுப்பினார். ஓவனிலிருந்து எடுத்து மேடையில் வைத்தேன். மேடையில் கொஞ்சம் ஈரம். அதை நான் பார்க்கவில்லை. 'டிக்' என்று ஒரு சின்னச் சத்தம்தான். ஒரு மூலையில் மயிர்க்கோடு மாதிரி ஒரு விரிசல், ஓரத்தில் நெல்லளவு சில்லு பெயர்ந்திருந்தது. மற்றபடி லசானியா அப்படியே, அழகாய், கொப்புளித்துக்கொண்டிருக்கிறது.

பெயர்ந்த சில்லைத் தேடினேன். மேடையில் இல்லை. தரையில் இல்லை. லாரன்ஸ், "மூலைலதானமே வுட்ருக்குது? அந்தப் பக்கம் ஒரு ஜாண் வெட்டிப் போட்டுட்டு மிச்சத்த குடு" என்றார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது, நேரமும் இல்லை. நான் கத்தியை எடுத்தும்விட்டேன். அப்புறம் அந்த அம்மாவுக்கு ஒன்றாவது படிக்கிற பெண் குழந்தை இருப்பது நினைவுக்கு வந்தது. முழுவதையும் குப்பையில் கொட்டிவிட்டு, பூத்துக்குப் போய் விஷயத்தைச் சொன்னேன். மீதியிருந்த கறியில் பஃப் செய்து அரை மணியில் அனுப்புகிறேன் என்றேன்.

பிறகு அந்த அம்மா ஒவ்வொரு எழுத்தாய்ச் சொன்னார்: "எங்க வீட்டுக்காரருக்குப் பிரமோஷன் வரலைன்னா, தினமும் மூணு வேளையும் உன் வீட்லதான் வந்து சாப்பிடுவோம், ஞாபகம் வெச்சுக்கோ."

பதினாறாம் நம்பர் படுக்கை

ஒரு காலை, கப்பல் ஏஜென்ட் ஆபீஸில் கிளார்க்காக இருந்த பாஸ்கர் என்பவர் வந்து நின்றார். கப்பலில் எஞ்சின் ரூமில் வேலை பார்த்த ஒரு இத்தாலிக்காரர் ஏணியிலிருந்து விழுந்து இடுப்பெலும்பு முறிந்து பக்கத்து ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். கப்பல் அவரை இறக்கிவிட்டுப் போய்விட்டது. ஆபரேஷன் முடிந்து ஐந்து நாள் ஆகிறது, வாயில் ஒன்றும் வைக்கவில்லை. உடம்பு தேறினால்தான் விமானத்தில் ஏற்ற முடியும். இப்படியே போனால் கஷ்டம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். "இட்லி குடுத்தோம், சூப்பு குடுத்தோம், மூஞ்சியத் திருப்பிக்கிறார். நீங்க அவங்க ஊரு சாப்பாடு செய்வீங்கன்னு சொன்னாங்க" என்றார்.

அதுவரைக்கும் எத்தனையோ பேருக்குச் செய்திருக்கிறேன். பிடிக்காவிட்டால் அடுத்த தடவை ஆர்டர் வராது, அவ்வளவுதான். இது வேறு. மிளகு பாதி, மிளகாய் துளியும் இல்லாமல், கிளாவுதியா அம்மா செய்த மாதிரியே செய்து டிபன் கேரியரில் எடுத்துப் போனேன். பதினாறாம் நம்பர் படுக்கையில் பெரிய உடம்பு, நரைத்த தாடி. கண் திறந்திருந்தது, ஆனால் எதையும் பார்க்கவில்லை. தட்டில் வைத்து நீட்டினேன். தலையைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். ஸ்பூனை உதட்டருகே கொண்டுபோனேன். வாய் பூட்டியபடி இருக்கிறது. எனக்குத் தெரிந்த இத்தாலி வார்த்தை நாலைந்துதான். "மாஞ்ஜா" என்றேன். சாப்பிடு என்று அர்த்தம். பக்கத்துப் படுக்கையில் கையில் கட்டுப் போட்டிருந்த காசிமேட்டுக்காரர், "இன்னாம்மா, பெரியவர காத்தாடி வுட கூப்புடுறியா?" என்றார். வார்டில் நாலு பேர் சிரித்தார்கள். நான் சிரிக்கிற நிலையில் இல்லை. மறுபடி "மாஞ்ஜா" என்றேன், கொஞ்சம் அதட்டலாகவே.

அவர் தலை மெதுவாகத் திரும்பியது. முதலில் என்னைப் பார்த்தார், பிறகு தட்டை. வாயைத் திறந்தார். ஒரு வாய். மென்றார், மென்றார், விழுங்கவில்லை. துப்பப்போகிறார் என்று நர்ஸ் கிண்ணத்தை நீட்டினார். விழுங்கினார். புருவத்தைச் சுளித்து, கடுகடுவென்று இங்கிலீஷும் இத்தாலியும் கலந்து ஏதோ பொரிந்தார். கை வேறு ஆட்டினார். "இன்னா சார் சொல்றாரு?" என்று பாஸ்கரைக் கேட்டேன்.

பாஸ்கர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு சொன்னார்: "உப்பு பத்தலையாம், தகடு தடியா இருக்காம், நாளைக்காவது ஒழுங்கா செஞ்சு எடுத்துட்டு வரணுமாம்."

அந்த ஞாயிற்றுக்கிழமை

கிறிஸ்துமஸுக்கு மறுநாள். எண்ணூரில் ஒரு குடும்பம் வேன் வைத்துப் பழவேற்காடு போகிறார்கள், ஒன்பதரைக்குள் தட்டு வேண்டும் என்றிருந்தார்கள். விடியற்காலை எழுந்து செய்து, எட்டேகாலுக்கு லாரன்ஸிடம் கொடுத்தனுப்பினேன். மொபெட் கேரியரில் கயிறு போட்டுக் கட்டினார். "பீச் ரோட்லயே பூட்றேன், லாரி இருக்காது" என்றார்.

நான் ஓவனைத் துடைத்துக்கொண்டிருந்தபோது தெருவில் ஓடுகிற சத்தம். கிழக்கேயிருந்து ஜனங்கள் வருகிறார்கள், செருப்பில்லாமல், குழந்தைகளைத் தோளில் போட்டுக்கொண்டு. "கடலு உள்ள வந்துகினு கீது!" என்று யாரோ கத்தினார்கள். எனக்குப் புரியவில்லை. கடல் எப்படி உள்ளே வரும்? மும்தாஜ் அக்கா மாடியிலிருந்து, "எஸ்தரு, மேல வா, மொதல்ல மேல வா" என்று அலறினார். மேலே போய் நின்ற பிறகுதான் 'பீச் ரோடு' என்ற வார்த்தை காதில் திரும்ப ஒலித்தது.

லாரன்ஸிடம் போன் கிடையாது. பத்து மணி ஆனது. பதினொன்று ஆனது. கீழே இறங்கி, வடக்கேயிருந்து வருகிற ஒவ்வொருவரையும் நிறுத்திக் கேட்டேன். ரோட்டில் படகு கிடக்கிறது என்றார் ஒருவர். இன்னொருவர் தலையை ஆட்டிவிட்டுப் போனார். மும்தாஜ் அக்கா என் முந்தானையைப் பிடித்துக்கொண்டே இருந்தார். விட்டால் ஓடிவிடுவேன் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. மாதாவிடம் வேண்டக்கூட எனக்கு வார்த்தை கிடைக்கவில்லை. அந்த ரோட்டில் போகிறேன் என்றவரை ஏன் போகவிட்டேன் என்பதையே திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டிருந்தேன்.

பன்னிரண்டரை மணிக்கு நடந்து வந்தார். மொபெட் இல்லை. முழங்கால் வரை மணலும் சேறும். கையில் காலித் தட்டு. நான் ஓடிப்போய் அவர் மார்பிலேயே இரண்டு குத்து குத்தினேன். குடிக்கத் தண்ணீர் கேட்டார். குடித்துவிட்டுத்தான் சொன்னார். எண்ணூர் நெருங்கும்போது கருங்கல் தடுப்பைத் தாண்டித் தண்ணீர் ரோட்டில் ஏறியதைப் பார்த்திருக்கிறார். மொபெட்டைப் போட்டுவிட்டு ஓடியிருக்கிறார். ஓடுவதற்கு முன்னால் கயிற்றை அவிழ்த்துத் தட்டை ஏன் எடுத்தார் என்று கேட்டால், "ஆர்டராச்சே" என்கிறார். முகத்துவாரக்குப்பத்துப் பக்கத்திலிருந்து ஓடிவந்தவர்களோடு உள்ளே தள்ளி இருந்த ஒரு பள்ளிக்கூடத்து மைதானத்தில் போய் உட்கார்ந்திருக்கிறார். யார் வந்தார்கள், யார் வரவில்லை என்று ஒருவருக்கும் தெரியவில்லை. நனைந்த புடவையோடு, இரண்டு குழந்தைகளை அணைத்துக்கொண்டு ஒரு பெண் இவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாளாம். அவள் வீட்டுக்காரர் கடலுக்குப் போயிருந்தார். குழந்தைகள் நடுங்கிக்கொண்டே இருந்தார்கள். அவள் மட்டும் இவர் கையிலிருந்த பொட்டலத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இவர் தாளைப் பிரித்துக் கையாலேயே பிய்த்திருக்கிறார். அடுக்கெல்லாம் சரிந்து குழம்பிப்போயிருந்தது. முதல் துண்டை நீட்டும்போது பழக்கதோஷத்தில், "இது வெளிநாட்டு அயிட்டம்மா, பேரு லசானியா, உள்ள கறி கீது" என்று விளக்கமும் சொல்லியிருக்கிறார். அவள் வீட்டுக்காரர் திரும்பி வந்தாரா என்று எங்களுக்கு இன்றைக்கு வரைக்கும் தெரியாது; அவள் சொன்னதை மட்டும் லாரன்ஸ் அப்படியே சொல்லுவார்: "பேரு கெடக்குது நைனா, சூடா கீதில்ல, புள்ளைங்களுக்கு மொதல்ல குடு."

முக்கால் மணி நேரம் வேகிற ஒரு பண்டத்துக்காக அதைச் செய்கிறவள் நாள் முழுக்க வேக வேண்டும் என்பது தெரிந்தும், மறுநாள் யாராவது வாசலில் வந்து ஆர்டர் சொன்னால் "எத்தினி பேருக்கு?" என்று வாய் தானாகக் கேட்டுவிடுவதுதான் இந்தத் தொழில்.